கிராண்ட் கையில் இருந்தால் போதுமா?

“கிராண்ட் நம்ம கையில இருக்கு. வருஷா வருஷம் சுக்காய் கட்டுறோம். தாத்தா காலத்திலேர்ந்து அங்கேதான் இருக்கோம். பேரு மாத்தலைன்னா நிலம் ஓடியா போயிடும்?”

கரங்கான், மாஹாங், பாடாங் மேஹா என்று கூலிம் மாவட்டத்தில் ஒரு துண்டு நிலமாவது சொந்தமாக வைத்திருக்கும் தமிழ்க் குடும்பங்களில் இந்தப் பேச்சைக் கேட்காமல் இருக்க முடியாது. நிலத்தின் சொந்தக்காரர் இறந்து முப்பது, நாற்பது ஆண்டுகள் ஆகியிருக்கும். கருமாதி நடந்தது, திதி கொடுத்தாயிற்று, பேரப்பிள்ளைகளுக்குக் கல்யாணமும் ஆகிவிட்டது. தானா ஆபீஸ் என்று நாம் சொல்கிற நில அலுவலகத்தின் பதிவேட்டில் மட்டும் அவர் இன்னும் உயிரோடு இருக்கிறார்.

இந்தப் பேச்சுக்குப் பின்னால் நியாயமான ஒரு வரலாறு உண்டு. லயத்து வீடு, கோயில் நிலம், மாடு மேய்த்த புல்வெளி எல்லாமே கம்பெனியுடையது என்றிருந்த வாழ்க்கையில், சொந்தப் பெயரில் ஒரு கிராண்ட் என்பது பெரிய விஷயம். 1950களிலும் 60களிலும் வெள்ளைக்காரக் கம்பெனிகள் பல தோட்டங்களை விற்றன. வாங்கியவர்கள் அவற்றைத் துண்டு போட்டு விற்றார்கள். தோட்டத் துண்டாடல் என்றாலே வேலையும் வீடும் போனது நினைவுக்கு வருகிற தலைமுறை இன்னும் நம்மிடையே இருக்கிறது. அதற்கு மாற்றாகத்தான் 1960இல் துன் வீ.தி. சம்பந்தன் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். அந்தச் சங்கம் வாங்கிய முதல் தோட்டமே நம் கெடாவின் புக்கிட் சிடிம்தான். சீட்டுப் பிடித்தும் நகையை அடகு வைத்தும் இரண்டு ஏக்கர், மூன்று ஏக்கர் என்று வாங்கிப் போட்டவர்களும் இருந்தார்கள். அந்தக் கிராண்டைச் சாமிப் படத்துக்குப் பின்னால் வைத்துக் காத்த குடும்பத்துக்கு அந்தக் காகிதத்தின் மேல் நம்பிக்கை இருப்பதில் வியப்பில்லை.

நம்பிக்கை வேறு, சட்டம் வேறு. மேலே சொன்ன பேச்சைப் பிரித்து, அதற்கு ஆதாரமாகச் சொல்லப்படும் ஒவ்வொன்றையும் தனித்தனியே எடுத்துப் பார்ப்போம்.

“கிராண்ட் நம் கையில் இருக்கிறது”

கிராண்ட் இரண்டு. ஒன்று அரசாங்கப் பதிவகத்தில் இருக்கிற பதிவு ஆவணம். மற்றது நமக்குக் கொடுக்கப்பட்ட பிரதி. நாம் காப்பாற்றி வைத்திருப்பது இரண்டாவது. 1966 ஜனவரி 1 முதல் நடப்பில் இருக்கும் தேசிய நிலச் சட்டத்தொகுப்பின்படி உரிமை பிறப்பதும் மாறுவதும் பதிவேட்டில்தான். அங்கே பெயர் மாறிவிட்டால், நம் அலமாரியில் இருக்கும் தாள் அதைத் தடுக்காது.

பழைய கிராண்ட் ஒன்றை எடுத்து விரித்துப் பாருங்கள். கெடாவுக்கே உரிய பழைய சூராட் புத்துஸ் என்றால் பரப்பளவு ரெலோங்கிலும் ஜெம்பாவிலும் எழுதியிருக்கும். முக்கிம், லாட் எண், ஆண்டு வரி எல்லாம் ஒழுங்காக இருக்கும். சொந்தக்காரர் இடத்தில் ஒரு பெயர், அவருடைய தகப்பன் பெயர், ஒரு தோட்டத்து முகவரி. அடையாள அட்டை எண் இருக்காது. இருந்தாலும் அது பழைய எண்ணாக இருக்கும். இன்று நாம் பயன்படுத்தும் பன்னிரண்டு இலக்க எண் 1990இல்தான் வந்தது. ஆக, கருப்பன் மகன் முனியாண்டி என்று மட்டும் சொல்கிற ஒரு தாள் அது. எந்தக் கருப்பன், எந்த முனியாண்டி என்று அதற்குத் தெரியாது.

இது எவ்வளவு பெரிய ஓட்டை என்று நாட்டுக்கே காட்டியது அடோர்னா புரோப்பர்ட்டிஸ் வழக்கு. பினாங்கு தஞ்சோங் பூங்காவில் தாய்லாந்து மாது ஒருவருக்கு நிலம் இருந்தது. அவருடைய பெயரைச் சொல்லிக்கொண்டு வேறொருத்தி வந்தாள். மூலக் கிராண்ட் தொலைந்துவிட்டது என்று 1988இல் ஒரு சத்தியப் பிரமாணம் செய்தாள். கிராண்டில் இருக்கும் பெயருக்கும் தன் கடவுச்சீட்டில் இருக்கும் பெயருக்கும் எழுத்து வேறுபட்டாலும் இரண்டும் ஒரே ஆள்தான் என்று 1989இல் இன்னொன்று செய்தாள். நிலம் கைமாறியது. உண்மையான சொந்தக்காரர் எந்தத் தாளிலும் கையெழுத்துப் போடவில்லை, எதையும் தொலைக்கவுமில்லை.

அந்த மாது அப்போது உயிரோடு இருந்தார். எதிர்த்து வழக்குப் போட ஆள் இருந்தது. சொந்தக்காரர் இறந்து, வாரிசுகளின் பெயர் எங்குமே ஏறாத நிலத்தில் இது நடந்தால் யாருக்கு முதலில் தெரியவரும்?

“வருஷா வருஷம் வரி கட்டுகிறோம்”

கட்டத்தான் வேண்டும். நிலவரி ஒவ்வோர் ஆண்டும் ஜனவரி 1இல் விதிக்கப்படுகிறது. மே 31க்குள் கட்டாவிட்டால் பாக்கியாகிவிடும். ஆனால் முகப்பில் பணம் வாங்குகிறவர் கேட்பது நிலத்தின் எண்ணை. கட்டுகிறவர் யார் என்பது அவருக்குத் தேவையில்லை. அண்ணன் கட்டினாலும் அண்டை வீட்டுக்காரர் கட்டினாலும் ரசீது ஒன்றுதான். வரி கட்டாமல் விட்டால் நிலம் போகலாம். வரி கட்டியதால் நிலம் யாருக்கும் சொந்தமாகிவிடாது.

கட்டாமல் விட்டால் என்ன ஆகும்? நில அலுவலகம் 6ஏ படிவத்தில் அறிவிப்பு அனுப்பும். அதில் மூன்று மாதத்துக்குக் குறையாத கெடு இருக்கும். அதற்குள் பணம் வராவிட்டால் நிலம் மாநில அரசுக்கே பறிமுதலாகலாம். அந்த அறிவிப்பு யார் பெயருக்கு, எந்த முகவரிக்குப் போகும்? பதிவேட்டில் இருக்கும் பெயருக்கும் முகவரிக்கும்தான். டப்ளின் தோட்டம், ஏதோ ஒரு பிரிவு, லயத்து வீட்டு எண் என்று அறுபதுகளில் எழுதிய முகவரிக்கு இன்று எந்தத் தபால்காரர் கடிதம் கொண்டுபோய்ச் சேர்ப்பார்? அந்த லயம் இருந்த இடத்தில் இப்போது செம்பனை நிற்கிறது.

இன்னொன்றையும் பலர் கவனிப்பதில்லை. தற்காலிகக் கிராண்டாக இருந்த நிலம் அளந்து முடிந்ததும் நிலைக் கிராண்டாக மாறும்போது, கிராண்ட் எண்ணும் மாறும். பழைய எண்ணைப் பிடித்துக்கொண்டு, “கம்ப்யூட்டரில் வரவில்லை” என்று முகப்பில் சொன்னதைக் கேட்டுவிட்டுத் திரும்பி, ஆண்டுக்கணக்கில் வரி கட்டாமல் விட்ட குடும்பங்கள் உண்டு. பெயர் மாற்றியிருந்தால் புதிய எண் தானாகவே கைக்கு வந்திருக்கும்.

“மூன்று தலைமுறையாக அங்கேதான் இருக்கிறோம்”

பன்னிரண்டு வருஷம் ஒரே இடத்தில் இருந்தால் நிலம் நமக்கே என்று பெரியவர்கள் சொல்வதைக் கேட்டிருப்போம். இந்தியாவில் 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டத்தில் அப்படி ஒன்று இருக்கத்தான் செய்கிறது. மலேசியாவில் இல்லை. நம் நிலச் சட்டத்தொகுப்பின் 341ஆவது பிரிவு, எத்தனை காலம் அனுபவித்தாலும் பதிவான சொந்தக்காரர் நிலத்தை மீட்பதற்கு அது தடையாகாது என்கிறது. அரசு நிலத்தைப் பற்றி 48ஆவது பிரிவு பேசுகிறது. எவ்வளவு காலம் குடியிருந்தாலும், உரிமம் வாங்கிக் குடியிருந்தாலும்கூட, அதனால் உரிமை பிறக்காது. காட்டை வெட்டிக் குடியேறியவர்கள் பேராக் அரசுக்கு எதிராகப் போட்ட வழக்கில், அப்படிப்பட்டவர்களுக்குச் சட்டத்திலும் உரிமை இல்லை, நியாயத்திலும் இல்லை என்று 1982இல் தீர்ப்பு வந்தது.

இதற்கு விலை கொடுத்தவர்களில் நம்மவர்களும் உண்டு. பினாங்கு கம்போங் புவா பாலாவில் இருந்தவர்கள் பழைய தோட்டத்துத் தொழிலாளர் வம்சம். தலைமுறை தலைமுறையாக அங்கேயே வாழ்ந்து, மாடு வளர்த்து, பொங்கல் வைத்தவர்கள். நிலம் சட்டப்படி வேறொருவர் கைக்குப் போயிருந்தது. வழக்குக் கூட்டரசு நீதிமன்றம் வரை போனது. 2009இல் வீடுகள் இடிக்கப்பட்டன. அவர்கள் அங்கே வாழ்ந்ததை யாரும் மறுக்கவில்லை. வாழ்ந்தது மட்டும் போதாது என்றுதான் சட்டம் சொன்னது.

குடும்பத்துக்குள்ளும் இதே கணக்குத்தான். பால் வெட்டிக்கொண்டு தாத்தா நிலத்திலேயே தங்கிவிட்ட சின்னவரும், பட்டர்வொர்த்திலும் சிங்கப்பூரிலும் வேலைக்குப் போன மூத்தவர்களும் சட்டத்தின் முன் ஒரே தரம். அங்கேயே இருந்தேன், மரத்தைப் பார்த்துக்கொண்டேன், வேலி போட்டேன் என்று சொல்லிக் கூடுதல் பங்கு கேட்க முடியாது. உடன்பிறந்தவர்கள் மனமிரங்கிக் கொடுத்தால் உண்டு. அப்படிக் கொடுக்க அவர்கள் உயிரோடு இருக்க வேண்டும்.

“அப்பா சொல்லிவிட்டுப் போனார், எழுதியும் கொடுத்தார்”

வாயால் சொன்னது உயில் ஆகாது. 1959ஆம் ஆண்டின் உயில் சட்டப்படி அது எழுத்தில் இருக்க வேண்டும். சாட்சிகள் இருவர் கையெழுத்துப் போட வேண்டும். சாட்சியாக நின்றவருக்கோ அவருடைய கணவன், மனைவிக்கோ உயிலில் ஏதாவது எழுதியிருந்தால் அந்தப் பங்கு போய்விடும். வீட்டில் பேனா எடுத்து எழுதி, பெரிய மகனையே சாட்சியாக நிறுத்தி, அவனுக்கே நிலத்தையும் எழுதிவைத்த கதைகள் நம் வட்டாரத்தில் உண்டு. உயில் சரியாகவே இருந்தாலும் அதுவே பெயரை மாற்றிவிடாது. உயர் நீதிமன்றத்தில் அதை மெய்ப்பித்து ஆணை வாங்க வேண்டும்.

நிலத்தை விற்றதாக ஸ்டாம்பு ஒட்டிய தாளில் எழுதிக் கொடுத்திருந்தால்? அது இரண்டு பேருக்கும் இடையிலான ஒப்பந்தம். 14ஏ படிவத்தில் கையெழுத்திட்டு, முத்திரைத் தீர்வை கட்டி, பதிவு செய்யாதவரை உரிமை மாறாது. ஒப்பந்தத்தை வைத்து வழக்குப் போடலாம், ஆனால் அதுவே கிராண்ட் ஆகிவிடாது. இதில் கெடாக்காரர்களுக்கு ஒரு கூடுதல் எச்சரிக்கை: 1931ஆம் ஆண்டின் சட்டத்தின் கீழ் மலாய் ஒதுக்கீட்டு நிலமாக அறிவிக்கப்பட்ட இடத்தை, கம்பத்து நண்பரிடம் நம்பிக்கையின் பேரில் வாங்கியிருந்தால், அந்த ஒப்பந்தத்தால் நமக்கு உரிமை வராது. எவ்வளவு பணம் கொடுத்திருந்தாலும், எத்தனை சாட்சி இருந்தாலும்.

அதிகாரப் பத்திரம் வைத்திருக்கிறோம் என்பவர்களும் உண்டு. கொடுத்தவர் இறந்தால், பொதுவாக அந்தப் பத்திரமும் அத்துடன் முடிந்துவிடும்.

“எங்களுக்குள் தகராறு இல்லையே”

இன்று இல்லை. நாளைக்கு யார் யார் இருப்பார்கள் என்பதே கேள்வி.

மூன்று ஏக்கர் நிலம். சொந்தக்காரர் உயில் எழுதாமல் இறக்கிறார். பெற்றோர் இல்லை. மனைவியும் நான்கு பிள்ளைகளும் இருக்கிறார்கள். 1958ஆம் ஆண்டின் சொத்துப் பங்கீட்டுச் சட்டப்படி மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கு, அதாவது ஓர் ஏக்கர். பிள்ளைகளுக்குத் தலைக்கு அரை ஏக்கர். பெயர் மாற்றாமலே தாயும் இறக்கிறார். அவருடைய ஏக்கர் நால்வருக்கும் பிரிய, தலைக்கு முக்கால் ஏக்கர். பிறகு மூத்தவர் இறக்கிறார். அவருக்கு மனைவி, மூன்று பிள்ளைகள். முக்கால் ஏக்கரில் மனைவிக்குக் கால் ஏக்கர், மீதி அரை ஏக்கரில் பிள்ளைகளுக்குத் தலைக்கு ஏக்கரில் ஆறில் ஒரு பங்கு.

இப்போது வாரிசுகள் ஏழு பேர். மூன்று சாவுகள், எனவே மூன்று சொத்துகளைத் தீர்க்க வேண்டும். விவசாய நிலத்தை ஐந்தில் இரண்டு ஹெக்டருக்கு, அதாவது ஏறத்தாழ ஓர் ஏக்கருக்குக் கீழே துண்டுபோட நிலச் சட்டம் அனுமதிப்பதில்லை. முக்கால் ஏக்கர்க்காரர்கூடத் தன் பங்கைத் தனியே பிரித்து எடுத்துக்கொள்ள முடியாது. எல்லோரும் சேர்ந்து வைத்திருக்க வேண்டும், அல்லது சேர்ந்து விற்க வேண்டும். ஒத்துவராவிட்டால் நீதிமன்றத்தை நாட வேண்டும்.

இதற்கு மேல் அந்த ஏழு பேரும் வாரிசு என்று நிரூபிக்க வேண்டும். தோட்டத்து வாழ்க்கை தாள்களைச் சேர்த்து வைக்கவில்லை. ஒரே ஆள் கிராண்டில் முனியாண்டி, அடையாள அட்டையில் முனாண்டி, பிள்ளையின் பிறப்புப் பத்திரத்தில் மொனியாண்டி. கிராணி காதில் விழுந்ததை எழுதினார், அவ்வளவுதான். 1982 மார்ச் 1 முதல் முஸ்லிம் அல்லாதார் திருமணங்களைப் பதிவு செய்வது கட்டாயமானது. அதற்குப் பிறகும் கோயிலில் தாலி கட்டியதோடு நிறுத்திக்கொண்டவர்கள் பலர். அந்த மனைவி இப்போது பங்கு கேட்டால், மனைவி என்று நிரூபிப்பதே தனி வழக்காகிவிடும். அக்காள் பிள்ளையைத் தன் பிள்ளையாக வளர்த்தவர்கள் உண்டு. முறைப்படி நீதிமன்ற ஆணை பெற்றுத் தத்தெடுக்காவிட்டால், வளர்த்த பிள்ளைக்குச் சட்டம் பங்கு தராது. இந்த ஒவ்வொன்றையும், விவரம் தெரிந்த பெரியவர் ஒருவர் உயிரோடு இருக்கையில் ஒரு சத்தியப் பிரமாணத்தில் தீர்க்கலாம். அவர் போன பிறகு வழக்கில்தான் தீர்க்க வேண்டும்.

“யாராவது ஏமாற்றினாலும் கோர்ட் திருப்பித் தரும்”

தரலாம். எவ்வளவு காலத்தில், எந்த நிலையில் என்பதைப் பாருங்கள். அடோர்னா வழக்கில் அந்த மாது உயர் நீதிமன்றத்தில் தோற்றார், 1997இல் மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் வென்றார். 2000 டிசம்பரில் கூட்டரசு நீதிமன்றம் அந்த வெற்றியைப் பறித்தது. கள்ளக் கையெழுத்து என்று தெரியாமல் நல்லெண்ணத்தோடு பணம் கொடுத்து வாங்கியவருக்கே நிலம் என்றது. அந்தத் தீர்ப்பு வரும்போது அவர் உயிரோடு இல்லை.

அந்தத் தவறு திருத்தப்பட்டது 2010 ஜனவரி 21இல், குவாந்தான் நிலம் ஒன்றைப் பற்றிய தான் யிங் ஹோங் வழக்கில். கூட்டரசு நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகளும் அடோர்னா தீர்ப்புத் தவறு என்று ஒருமனதாகச் சொன்னார்கள். கள்ளப் பத்திரத்தின் வழியே நேரடியாக நிலம் வாங்கியவரின் உரிமையை இப்போது உடைக்கலாம். நடுவில் ஓடியவை ஒன்பது ஆண்டுகளுக்கு மேல். அத்தனை காலமும் நாட்டில் எந்த நிலச் சொந்தக்காரரும் நிம்மதியாகத் தூங்கியிருக்க முடியாது.

அந்த 2010 தீர்ப்பைச் சொல்லித்தான் பலர் ஆறுதல் அடைகிறார்கள். ஆனால் நிலச் சட்டத்தொகுப்பின் 340ஆவது பிரிவு அதோடு நிற்கவில்லை. கள்ளனிடம் முதலில் வாங்கியவரிடமிருந்து, விவரம் தெரியாமல் நல்லெண்ணத்தோடு விலை கொடுத்து வாங்கிய அடுத்தவருக்குச் சட்டப் பாதுகாப்பு இருக்கிறது. நிலம் மூன்றாவது கைக்குப் போய்விட்டால் மீட்பது மிகமிகக் கடினம். நாம் எவ்வளவு சீக்கிரம் கண்டுபிடிக்கிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. இறந்தவர் பெயரில் கிடக்கும் நிலத்தில் நடப்பது சீக்கிரம் தெரியவராது.

தெரிந்து ஓடினாலும் நீதிமன்ற வாசலில் முதல் கேள்வி, “நீங்கள் யார்?” என்பது. இறந்தவரின் சொத்துக்காக வழக்காட, பொதுவாக நிர்வாகப் பத்திரம் கையில் இருக்க வேண்டும். நான் மகன் என்று சொன்னால் மட்டும் போதாது. ஆண்டுக்கணக்கில் தள்ளிப்போட்ட அந்தத் தாளை, நிலம் கைநழுவிக்கொண்டிருக்கும் வேளையில் அவசர அவசரமாக வாங்க வேண்டியிருக்கும்.

ஏமாற்றுக்காரர்தான் வர வேண்டும் என்றில்லை, அரசாங்கமும் வரலாம். கூலிம் உயர்தொழில்நுட்பப் பூங்கா 1996இல் திறந்தது முதல் இந்த வட்டாரத்து நிலத்தின் மேல் எல்லோருக்கும் கண். 1960ஆம் ஆண்டின் நில எடுப்புச் சட்டத்தின் கீழ் சாலைக்கோ திட்டத்துக்கோ நிலம் எடுக்கப்பட்டால், விசாரணை அறிவிப்பும் இழப்பீட்டுப் பேச்சும் பதிவேட்டில் இருக்கும் பெயரைச் சுற்றியே நடக்கும். தொகை போதாது என்று மறுப்புச் சொல்லும் கெடுவும் குறுகியது. வாங்க உரிமையுள்ளவர் முன்வராத பணம் நீதிமன்றத்தில் போய்க் கிடக்கும். ரப்பர் மறுநடவுக்கு ரிஸ்டாவிடம் போனாலும் முதலில் பார்ப்பது கிராண்டில் யார் பெயர் என்றுதான்.

“செலவு ஆகும், அலைச்சல் தாங்காது”

இதில் பாதி உண்மை. அலைச்சல் உண்டு. விசாரணை தள்ளிப்போகும், ஒருவர் வராவிட்டால் மறுபடி தேதி கொடுப்பார்கள், முகப்பில் மலாயில்தான் பேச வேண்டும். பள்ளிக்கூடமே பார்க்காத பாட்டியை அழைத்துக்கொண்டு போகிறவர்களுக்கு இது சின்ன சிரமமல்ல.

செலவைப் பற்றிய பேச்சு மட்டும் பெரும்பாலும் தவறு. உயில் இல்லாமல் இறந்தவரின் நிலத்துக்காகவே 1955ஆம் ஆண்டில் சிறு சொத்துப் பங்கீட்டுச் சட்டம் என்று ஒன்று வந்தது. உயர் நீதிமன்றம் போக வேண்டாம், வழக்கறிஞர் வைக்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. நில, கனிவள இலாகாவின் பூசாக்கா (வாரிசுச் சொத்து) பிரிவில் ஏ படிவத்தைக் கொடுத்தால் போதும். இந்தச் சட்டத்தின் கீழ் வரும் சொத்து மதிப்பின் உச்சவரம்பு முன்பு 20 லட்சம் வெள்ளியாக இருந்தது. 2024 ஜூலை 15 முதல் அது 50 லட்சம் வெள்ளி. கரங்கானில் மூன்று ஏக்கர் வைத்திருக்கும் எந்தக் குடும்பமும் அந்த வரம்பைத் தொடப்போவதில்லை.

தேவைப்படுபவை மரணச் சான்றிதழ், வாரிசுகளின் ஐசி, பிறப்பு, திருமணப் பத்திரங்கள், பதிவேட்டில் இருப்பதைக் காட்டும் நிலத்தின் தேடல் சான்று. விசாரணை நாளில் எல்லோரும் வர வேண்டும், வர முடியாதவர்கள் சம்மதத்தை எழுத்தில் கொடுக்க வேண்டும். தன் பங்கு வேண்டாம் என்று ஒருவர் விட்டுக்கொடுக்கலாம். நிலத்தில் இருப்பவர் மற்றவர்களின் பங்கை வாங்கிக்கொள்ளலாம். உத்தரவு கைக்கு வந்ததும் வேலை முடிந்தது என்று வீட்டுக்குப் போய்விடக் கூடாது. அது பதிவேட்டில் ஏறியதா என்று தேடல் சான்று எடுத்துப் பார்த்தால்தான் முடிந்தது. நடுவில் யாராவது மோசம் செய்வார்கள் என்ற சந்தேகம் இருந்தால், அந்த நிலத்தின் மேல் தடைமனு பதிவு செய்துவைக்கலாம். தனியார் தடைமனு ஆறு ஆண்டுகள் வரை நிற்கும்.

இனி யாரும் வாய்விட்டுச் சொல்லாத காரணத்தையும் பார்ப்போம். பல குடும்பங்கள் பெயர் மாற்றாமல் இருப்பது கிராண்டின் மேல் உள்ள நம்பிக்கையால் அல்ல, உடன்பிறந்தவர்கள் மேல் உள்ள பயத்தால். பேச்சை எடுத்தால் மூத்தவர் விற்கச் சொல்வார், தங்கச்சி வீட்டுக்காரர் கணக்குக் கேட்பார், அம்மா மனம் நோகும். அதனால் ஆறப்போடுகிறார்கள். அந்தப் பயம் பொய்யல்ல. ஆனால் ஆறப்போட்டதால் சண்டை தீர்ந்ததாக ஆகாது. ஒரே வீட்டில் ஒரே பானைச் சோறு தின்று வளர்ந்த நால்வர் பேசித் தீர்க்க வேண்டியதை, ஒருவரை ஒருவர் முகம் பார்த்தறியாத பதினைந்து சித்தப்பா, பெரியப்பா பிள்ளைகளுக்கு எழுதிவைக்கிறோம். அவர்களுக்கு அம்மாவின் மனமும் தெரியாது, எந்த முனியாண்டி என்றும் தெரியாது.

மரணத்தைப் பதிவது தேசியப் பதிவிலாகா, நிலத்தைப் பதிவது தானா ஆபீஸ். ஒன்றில் எழுதியது இன்னொன்றில் தானாக ஏறாது. ஏற்றுவது வாரிசின் வேலை. அடுத்த முறை சுக்காய் கட்டப் போகிறவர்கள் அதே முகப்பில் ஒரு தேடல் சான்றும் எடுத்துக்கொண்டு வாருங்கள். அதில் தாத்தா பெயர் இருந்தால், அந்தத் தாத்தா யார் என்று சத்தியம் செய்யக்கூடிய பெரியவரை இந்த வாரமே போய்ப் பாருங்கள். கிராண்ட் அலமாரியில் பத்திரமாக இருக்கும். அவருக்கு அந்த உத்தரவாதம் கிடையாது.